கிருபாண்ணை விசாரிக்கப் போன சனிக்கிழமை

கிருபானந்தன் பால் வாங்கினால் முன்னுக்கு இருக்கிற பெட்டியை எடுக்கமாட்டார். கையை உள்ளே விட்டு மூன்றாவது வரிசையில் ஒன்றை இழுத்துத் திகதி பார்ப்பார். பிறகு முன்னுக்கு இருந்ததையும் எடுத்துப் பார்ப்பார். "இதைத்தானே என்ரை தலையிலை கட்டப் பாத்தவங்கள்" என்று முணுமுணுத்துக்கொண்டு காசு கொடுக்கப் போவார். இரண்டிலும் ஒரே திகதிதான் இருக்கும். அது அவருடைய சந்தேகத்தை இன்னும் கூட்டும்.

அவருக்கு வாய்த்த வேலையும் அதற்கேற்ற வேலைதான். மருந்துப் போத்தல் அடைக்கிற தொழிற்சாலை ஒன்றில் இருபத்தெட்டு வருடமாக மூடி பார்க்கிறார். நகர்ந்து வருகிற போத்தல்களில் எதன் மூடி இறுகவில்லை என்று கண்டால் உடனே எடுத்து, ஸிப் பையில் போட்டு மேலே அனுப்ப வேண்டும். அந்தப் பழக்கத்தில் வீட்டிலும் அவருடைய ஜாக்கெட் பைக்குள் எப்போதும் இரண்டு ஸிப் பை இருக்கும். மொன்ட்ரியாலில் பியர்பொன்ட்ஸ் பக்கம் இருக்கிற அவருடைய வீட்டு முன்கதவுக்கு மூன்று பூட்டு. அந்தத் தெருவில் களவு போனதாக ஒரு கதையும் கிடையாது. களவு போகாததற்குக் காரணமே தன்னுடைய மூன்று பூட்டுத்தான் என்பார்.

யாழ்ப்பாணத்துச் சனத்துக்குக் கல்யாணப் பேச்சென்றால் சாதகம் பார்த்த கையோடு விசாரிப்பும் நடக்க வேண்டும். பெடியன் குடிக்கிறானா, புகைக்கிறானா, வேறெங்கும் தொடுப்பு இருக்கிறதா என்று மாப்பிள்ளைக்குத் தெரியாமல் ஒருவர் போய்ப் பார்த்து வந்து சொல்லுவார். மொன்ட்ரியாலில் அந்த ஒருவர் எங்கள் கிருபாண்ணைதான். "கிருபாண்ணை ஒருக்காப் பாத்துச் சொல்லட்டும்" என்று விட்டால் அவர் மூன்று நாளில் முடித்துவிடுவார். பெடியன் வேலை செய்யும் இடத்துக்கு எதிரே காரை நிறுத்தி, புகைக்க வெளியே வருகிறவர்களை எண்ணுவார். தெரு மூலையில் இருக்கிற டெப்பனேர்க் கடையில் பாண் வாங்குகிற சாட்டில் கதை பிடுங்குவார். குப்பை எடுக்கிற நாளில் விடியவே போய், வெறும் போத்தலும் பேப்பரும் போட்டு வாசலில் வைத்த நீலப் பெட்டிக்குள் எட்டிப் பார்ப்பார். "ஆக்கள் பொய் சொல்லுவினம். குப்பைக்குப் பொய் சொல்லத் தெரியாது" என்பது அவருடைய வாதம்.

ஆறு வருடத்துக்கு முந்தி மிதுசன் என்கிற பெடியனை அப்படித்தான் பார்த்தார். மொன்ட்ரியால்-நோரில் மூன்று மாடி வாடகை வீடு. கீழ்மாடியில் பெடியனும் தாயும் இருந்தார்கள். வாசலில் வைத்த நீலப் பெட்டிக்குள் பதினொரு விஸ்கிப் போத்தல். கிருபாண்ணை கையோடு படமும் எடுத்து வந்தார். பெண் வீட்டார் அன்றைக்கே பேச்சை நிறுத்திவிட்டார்கள். "ஒரு பொம்பிளைப் பிள்ளையின்ரை சீவியத்தைக் காப்பாத்திக் குடுத்தனான்" என்று கோயில் மண்டபத்தில் சாப்பாட்டுக்கு வரிசையில் நிற்கும்போதெல்லாம் அந்தக் கதையைச் சொல்லுவார்.

அப்பேர்ப்பட்டவருடைய வீட்டிலேயே அவருடைய மகள் சாருஜா ஒரு ஞாயிற்றுக்கிழமை குண்டைத் தூக்கிப் போட்டாள்.

"அப்பா, நான் ஒராளை விரும்பிறன். பேர் எரிக் லாம். சைனாக்காரர். இஞ்சை பிறந்து வளந்தவர். கம்ப்யூட்டர் கொம்பனியிலை வேலை. சனிக்கிழமையிலை சைனா ரவுணிலை ஆக்களைக் கூட்டிக்கொண்டு நடந்து, கடை கடையாச் சாப்பாடு காட்டுறவர்."

குணேஸ்வரி அகப்பையைக் கையில் பிடித்தபடி புருஷனைப் பார்த்தார். சைனாக்காரர் என்பதைக்கூடக் கிருபானந்தன் விழுங்கிக்கொண்டார். சனிக்கிழமைதான் அவருடைய தொண்டையில் சிக்கியது.

"நல்ல வேலை இருக்கிறவன் ஏன் சனிக்கிழமையிலை தெருத்தெருவா நடக்கிறான்?"

"விருப்பத்திலை, அப்பா."

"விருப்பம்! உதுக்குள்ளை ஏதோ கிடக்குது பிள்ளை. சும்மா ஒருத்தனும் நடக்கமாட்டான்."

சாருஜாவுக்கு வயது இருபத்தொன்பது. அவள் கத்தவும் இல்லை, அழவும் இல்லை. "நீங்கள் எத்தினை பேருக்கு ஓம், இல்லை எண்டு சொல்லியிருக்கிறியள். எனக்கும் நீங்களே சொல்லுங்கோ. நீங்கள் இல்லையெண்டு சொன்னால் நான் அவரைக் கட்டமாட்டன். ஆனா வேறை ஒருத்தரையும் கட்டமாட்டன்" என்றாள். சொல்லிவிட்டுத் தட்டைக் கழுவி வைத்துவிட்டு மேலே போய்விட்டாள்.

அவள் சண்டை போட்டிருந்தால் கிருபானந்தனும் சண்டை போட்டிருப்பார். இப்படி முடிவை அவருடைய கையில் கொடுத்துவிட்டுப் போனால் என்ன செய்வது? அடுத்த ஞாயிறு பதில் சொல்லுவதாக வாக்குக் கொடுத்தார். பிறகு கணினியில் போய் அந்த நடைப்பயணத்துக்குத் தானே பதிந்தார். பெயர் என்ற இடத்தில் பாலகிருஷ்ணன் என்றும், ஊர் என்ற இடத்தில் ரொறொன்ரோ என்றும் போட்டார். கள்ளன் கள்ளனாகவே இருக்கும்போது பிடிக்க வேண்டும் அல்லவா?

கடைசியில் ஒரு கேள்வி இருந்தது. சாப்பிடக் கூடாத உணவு ஏதும் உண்டா? அங்கேதான் அவருடைய விரல் நின்றது. அந்தச் சனி புரட்டாதிச் சனி. மற்றச் சனிகளில் எதைத் தின்றாலும் புரட்டாதிச் சனியில் அவர் மீன், இறைச்சி என்று ஒரு மச்சமும் தொடமாட்டார். முட்டையும் தொடமாட்டார். சனீஸ்வரனோடு விளையாடக் கூடாது. அதுவும் மகளுடைய காரியம் நடக்கிற நேரம். ஆனால் 'சனிக்கிழமை சைவம்' என்று எழுதினால், சாருஜாவோடு பழகுகிற அந்தப் பெடியன் ஆள் யாரென்று உடனே மணந்து பிடித்துவிடுவானே! ஆகவே 'ஒன்றும் இல்லை' என்று எழுதிவிட்டார். சாப்பாட்டை எப்படியாவது சமாளிக்கலாம், ஜாக்கெட்டுக்குள்தான் ஸிப் பை இருக்கிறதே என்று தன்னைத் தானே தட்டிக்கொடுத்தார்.

சனிக்கிழமை காலை நெற்றித் திருநீற்றை அழித்துவிட்டு, தொப்பி போட்டுக்கொண்டு, பிளாஸ்-டார்ம் மெட்ரோவில் இறங்கிச் சைனா ரவுண் வளைவுக்குக் கீழே போய் நின்றார். மொத்தம் ஐந்து பேர். கியூபெக் நகரத்திலிருந்து வந்த ஒரு புருஷன் பெண்சாதி. ஒட்டாவாவிலிருந்து ஜெசிக்கா என்று ஒரு தாதி. பிறகு ஊதா ஜாக்கெட்டும் வெயில் தொப்பியும் போட்டு, சில்லு வைத்த சந்தைப் பையை இழுத்துக்கொண்டு வந்த, அறுபத்தைந்து வயது மதிக்கத்தக்க ஒரு சைனாக்காரி.

கிருபானந்தன் அப்போதே கணக்குப் போட்டார். சைனா ரவுணைச் சுற்றிப் பார்க்கச் சைனாக்காரிக்கு வழிகாட்டி எதற்கு? பணப்பையை எடுத்து முன்பொக்கற்றுக்கு மாற்றிக்கொண்டார்.

எரிக் லாம் உயரமாக, மெல்லிய கண்ணாடி போட்டுக்கொண்டு வந்தான். எல்லோருக்கும் கை கொடுத்தான். கிருபானந்தனிடம் வரும்போது "பொன்ஜூர், மிஸ்டர்… பாலகிருஷ்ணன்" என்று தடுமாறினான். அவனுடைய கை நனைந்திருந்தது. குளிர் தொடங்கிவிட்ட மாதத்தில் ஒரு வாலிபனுக்கு ஏன் கை வியர்க்க வேண்டும்? மனதுக்குள் இருக்கிற கொப்பியில் முதல் புள்ளி விழுந்தது.

முதல் கடையில் ஆவி பறக்கப் பன்றி இறைச்சி வைத்த வெள்ளைப் பன் கொடுத்தான். எல்லோரும் ஆகா என்றார்கள். கிருபானந்தன் வாயருகே கொண்டு போய்த் தாடையை மட்டும் அசைத்துவிட்டு, கடைச் சுவரில் இருந்த படத்தை ரசிக்கிற பாவனையில் திரும்பிப் பன்னை ஸிப் பைக்குள் இறக்கினார். இருபத்தெட்டு வருட அனுபவம், ஒரு சத்தம் இல்லை. திரும்பியபோது ஊதா ஜாக்கெட்காரி அவருடைய கையைத்தான் பார்த்துக்கொண்டிருந்தாள்.

அடுத்த கடையில் ஒருவர் மாவை இழுத்து இழுத்து நூலாக்கி நூடில்ஸ் போட்டார். அதை மாட்டிறைச்சிக் குழம்போடு சின்னக் கோப்பையில் கொடுத்தார்கள். குழம்பை எந்தப் பைக்குள் விடுவது? வயிறு நிறைந்துவிட்டது என்று சொல்லி அவர் அதை ஜெசிக்காவிடம் தள்ளிவிட்டார். ஒரே ஒரு பன்னோடு வயிறு நிறைந்தவரை ஊதா ஜாக்கெட்காரி மேலும் கீழும் பார்த்தாள். சப்பாத்தைப் பார்த்தாள். மணிக்கூட்டைப் பார்த்தாள். அவர் இடப்பக்கம் நகர்ந்தால் சில்லுப் பையும் இடப்பக்கம் உருண்டது.

பெடியனில் குறை பிடிப்பதுதான் வந்த சோலி. ஆனால் குறை அகப்படுகிறதாக இல்லை. கடைக்காரர்கள் அவனுக்காகக் கல்லாவை விட்டு வெளியே வந்தார்கள். ஒரு கிழவர் அவனுடைய கன்னத்தைத் தட்டினார். தெருவில் அவன் எச்சில் துப்பவில்லை. புகைக்கவில்லை. ஜெசிக்காவைத் தேவைக்கு மேல் ஒரு முறைகூடப் பார்க்கவில்லை. நல்லவன் போலத்தான் தெரிந்தான். அதுதான் கிருபானந்தனுக்குப் பிடிக்கவில்லை. குறையே இல்லாதவன் எதையோ பெரிதாக ஒளிக்கிறான் என்று அர்த்தம். கண்ணுக்குக் கண் பார்க்கவும் மாட்டேன் என்கிறானே! இவர் பக்கம் திரும்பினாலே அவனுக்குக் கதை குழம்பியது. ஒரு கட்டடம் கட்டிய வருடத்தை மூன்று முறை மாற்றிச் சொன்னான்.

மூன்றாவது கடையில் இறால் வைத்த டம்ப்ளிங், எங்கள் கொழுக்கட்டை அளவில் இரண்டு. நாலாவதில் முட்டைப் பாகு ஊற்றிய குட்டித் தட்டப்பம். எல்லாம் பைக்குள் போயின. தட்டப்பத்தை மறைக்கிற நேரத்தில்தான் அவர் அதைக் கண்டார். எரிக் லாம் ஊதா ஜாக்கெட்காரியின் காதுக்குள் குனிந்து ஏதோ சைனாப் பாஷையில் சொன்னான். அவள் தலையை ஆட்டிவிட்டு இவருடைய ஜாக்கெட்டைக் கண்ணால் காட்டினாள்.

அடி சக்கை! இரண்டு பேரும் கூட்டு. இதுதான் சனிக்கிழமை ரகசியம். பெடியன் ஊர் சுற்றிக் காட்டுவான், கிழவி பொக்கற்றைத் துழாவுவாள். கிருபானந்தனுக்கு அதில் வெற்றியும் இருந்தது, அதற்குக் கீழே ஒரு வலியும் இருந்தது. பதில் கிடைத்துவிட்டது. நாளைக்கு மகளிடம் இல்லை என்று சொல்ல வேண்டும். தட்டைக் கழுவி வைத்துவிட்டுப் படியேறிப் போன அவளுடைய முதுகு அவருக்கு ஞாபகம் வந்தது.

கடைசியாகக் கல் மேசைகள் போட்ட சின்னச் சதுக்கத்துக்கு வந்தார்கள். எரிக் லாம் இனிப்பு வாங்கி வரக் கடைக்குள் போனான். கிருபானந்தன் ஒரு மேசையடியில் இருந்த இருக்கையில் குந்தினார். குந்திய வேகத்தில் முழங்கை அழுத்தியதோ என்னவோ, ஸிப் பை வாயைப் பிளந்துவிட்டது. இறால் கொழுக்கட்டையின் கறுத்த சோஸ் ஜாக்கெட்டைத் தாண்டிக் காற்சட்டையில் வடிந்தது. இருபத்தெட்டு வருடமாக ஊரான் மூடியைப் பார்த்தவர் அன்று தன்னுடைய பையை ஒழுங்காக மூடவில்லை.

ஊதா ஜாக்கெட்காரி எழுந்து நேரே வந்து எதிரில் இருந்தாள். தொப்பியைக் கழற்றி மேசையில் வைத்தாள்.

"மிஸ்டர் கிருபானந்தன், அந்தப் பையை வெளியிலை எடுங்கோ."

அவள் பேசியது பிரெஞ்சு. தையல் தொழிற்சாலையில் படித்த உடைந்த பிரெஞ்சு. அவருடையதும் தொழிற்சாலைப் பிரெஞ்சுதான், ஆகவே ஒவ்வொரு சொல்லும் தமிழில் சொன்னதுபோல விளங்கியது. அவள் கூப்பிட்டது அவருடைய சொந்தப் பெயரை.

"நீங்கள்… ஆர்?"

"நான் எரிக்கின்ரை தாய். மதாம் லாம். நீங்கள் பேரை மாத்திப் பதிஞ்ச கடிதம் உங்கடை ஈமெயிலுக்குத்தானே வந்தது? அந்த ஈமெயிலை உங்களுக்குத் திறந்து தந்தது ஆர்? உங்கடை மகள். அவ அதைக் கண்டு சொல்லி வியாழக்கிழமையே எங்களுக்குத் தெரியும். தேப்பன் என்ரை மகனைப் பாக்க வாறார் எண்டால், நானும் தேப்பனைப் பாக்க வேணும்தானே?"

பெடியனுடைய கை ஏன் வியர்த்தது, வருடம் ஏன் மாறி மாறி வந்தது என்பதெல்லாம் கிருபானந்தனுக்கு இப்போதுதான் உறைத்தது.

மதாம் லாம் விடுவதாக இல்லை. "நேற்று ஒண்டரை மணித்தியாலம் பஸ்ஸிலை வந்து உங்கடை வீட்டையும் பாத்தனான். புல்லு வடிவாய் வெட்டியிருக்கு. ஆனா கதவிலை மூண்டு பூட்டு. மூண்டு பூட்டுப் போடுறவை உள்ளுக்கை என்னத்தை ஒளிச்சு வைச்சிருக்கினம்?"

"ஒண்டுமில்லை," என்றார் அவர். அது அவருடைய காதுக்கே பொய்போலக் கேட்டது.

"இண்டைக்கு நாலு கடையிலை சாப்பாடு தந்தது. ஒண்டும் உங்கடை வாயுக்குள்ளை போகேல்லை. நான் ஒவ்வொண்டாப் பாத்தனான். எங்கடை சாப்பாடு உங்களுக்கு அவ்வளவு அருவருப்போ? என்ரை பேரப்பிள்ளை நாளைக்கு எங்கடை வீட்டிலை சாப்பிட்டிட்டு வந்தால், அதின்ரை வாயையும் கழுவித்தான் உள்ளுக்கை எடுப்பியளோ? நான் மகனிட்டை வேண்டாமெண்டுதான் சொல்லப்போறன். ஆனா கேக்காமல் சொல்லக் கூடாது. அதுதான் கேக்கிறன். ஏன் சாப்பிடேல்லை?"

அவர் பையை எடுத்து மேசையில் வைத்தார். பன், கொழுக்கட்டை, தட்டப்பம் எல்லாம் ஒன்றோடு ஒன்று நசிந்து கிடந்தன. இதைப் பார்க்கிற எவரும் மதாம் லாம் சொன்னதைத்தான் சொல்லுவார்கள். அத்தாட்சி அவ்வளவு சுத்தமாக இருந்தது. படம் எடுத்தால் பதினொரு விஸ்கிப் போத்தலைவிட நன்றாக விழும்.

புரட்டாதிச் சனியைத் தொழிற்சாலைப் பிரெஞ்சில் எப்படிச் சொல்வது? வானத்தைக் காட்டினார். "மேலை ஒரு போஸ், முதலாளி மாதிரி, இருக்கிறார். சனி. சரியான கடுமையான ஆள். இந்த மாசத்திலை சனிக்கிழமையிலை நான் மச்சம், முட்டை சாப்பிட்டால் என்ரை மகளின்ரை காரியத்தைக் குழப்பிப்போடுவார். அவளுக்கு நல்லது நடக்க வேணுமெண்டுதான்…" அதற்கு மேல் பிரெஞ்சு வரவில்லை.

மதாம் லாம் அவரை நெடுநேரம் பார்த்தார். பால் பெட்டியில் திகதி பார்க்கிற பார்வை அது.

"பதியேக்கை ஏன் எழுதேல்லை?"

"எழுதினால் நான் ஆரெண்டு தெரிஞ்சுபோடும் எண்டு."

"அட விசர் மனிசா!" என்றார் மதாம் லாம். அல்லது அதற்குச் சமமான பிரெஞ்சு. சிரிக்கவில்லை. "எந்தெந்த நாள் சாப்பிடுவியள்?"

கிருபானந்தன் விரல் மடித்தார். "வெள்ளி இல்லை. சனி இல்லை. செவ்வாய் மனிசி மச்சம் சமைக்காது. ஞாயிறு எண்டால் எல்லாம் சாப்பிடுவன்."

"அப்ப நாளைக்கு மத்தியானம் மூண்டு பேரும் என்ரை வீட்டை வாங்கோ. மேசையிலை இருத்திப் பாத்திட்டுத்தான் நான் சொல்லுவன்."

எரிக் லாம் இனிப்புப் பெட்டியோடு வந்து, இருவரையும் ஒரே மேசையில் கண்டு அப்படியே நின்றுவிட்டான். தாய் அவனுடைய கையிலிருந்து பெட்டியை வாங்கிக் கிருபானந்தனுக்கு முன்னால் தள்ளினார். சீனிப் பாகை மயிர் மயிராக இழுத்துச் சுற்றிய வெள்ளைப் பந்துகள். "சீனி, கச்சான், தேங்காய், எள்ளு. உங்கடை போஸுக்குப் பிரச்சினையோ?"

எள்ளு! சனீஸ்வரனுக்கே உரிய தானியம். அவர் ஒன்றை எடுத்து வாயில் போட்டார். காலையிலிருந்து அவருடைய வயிற்றுக்குள் போன முதல் சாப்பாடு அதுதான். மீசையெல்லாம் வெள்ளை நூல் ஒட்டியது. பெடியன் ஒரு பேப்பர் துவாயை நீட்டினான். இந்த முறை அவனுடைய கண்கள் விலகவில்லை.

வீட்டுக்கு வந்தபோது குணேஸ்வரி மூன்று பூட்டையும் திறந்து, காற்சட்டையில் இருந்த கறையைப் பார்த்துத் திடுக்கிட்டார். சாருஜா படிக்கட்டில் இருந்தாள், எல்லாம் தெரிந்த முகத்தோடு.

"இஞ்சேருங்கோ, பெடியன் எப்பிடி?"

"பெடியன் தங்கம். என்ரை பக்கத்தாலை ஓம்" என்றார். சாருஜா டக்கென்று எழுந்தாள். அவர் கையைக் காட்டி அவளை நிறுத்தினார். "பொறு பிள்ளை. அந்த மனிசி எனக்கு ஓமெண்டு சொல்லுமோ தெரியேல்லை. நாளைக்கு என்னைப் பாக்கப் போகினம். நான் எந்தச் சேர்ட் போடுறது?"

சாருஜாவுக்குச் சிரிப்பும் அழுகையும் ஒன்றாக வந்தன. அவர் கறைக் காற்சட்டையோடே குசினிக் கதிரையில் இருந்தார். "உன்னோடை படிச்ச அந்த மிதுசன்ரை நம்பர் இருக்கோ?" என்று கேட்டார்.

அவள் ஒன்றும் கேட்காமல் எண்ணை அழுத்திப் போனைக் கொடுத்தாள். போன் நாலு தரம் அடித்தபிறகு ஓர் ஆண் குரல் ஆலோ என்றது.

"தம்பி, நான் கிருபானந்தன். பியர்பொன்ட்ஸ். உமக்கு ஞாபகம் இருக்குமோ தெரியாது."

"ஞாபகம் இருக்கு அங்கிள்." குரலில் ஈரம் இல்லை.

"ஆறு வருஷத்துக்கு முந்தி, உங்கடை வாசலிலை ஒரு நீலப் பெட்டி இருந்தது. அதுக்குள்ளை போத்தல் கிடந்தது. அது… உம்முடையதோ தம்பி?"

மறுமுனையில் யாரோ தொலைக்காட்சியின் சத்தத்தைக் குறைத்தார்கள். தாயாக இருக்கலாம்.

"மேல்மாடிக்காரன்ரை பெட்டி அங்கிள். அவனுக்கு முழங்கால் வருத்தம். நான்தான் ஒவ்வொரு கிழமையும் கீழை இறக்கி வைச்சுக் குடுக்கிறனான்" என்றான் மிதுசன். "அண்டைக்கு ஒருத்தரும் என்னட்டைக் கேக்கேல்லையே."